முகத்துவாரத்துக் கட்டளை

என் வீட்டில் சோறு அண்ணன் பக்கம், கறி புருஷன் பக்கம். கலியாணத்தின்போது எனக்குச் சீதனமாக வந்தது ஒரு கல்வீடும் பனிச்சங்கேணி வட்டை என்கிற வயல்வெளியில் ஒரு துண்டு வயலும். எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான். ஆண்பிள்ளை கட்டிய இடத்துக்குப் போய்விடுவான். அப்படி என் வீட்டுக்கு வந்தவர் ரதீஸ், வாவியில் இறால் பிடிக்கிறவர். அப்படி எங்கள் வீட்டைவிட்டுப் போனவன் என் அண்ணன் வினாயகமூர்த்தி. போனாலும் என் வயலைத் தன் வயலோடு சேர்த்து அவன்தான் விதைத்து வெட்டித் தந்தான். அப்பா செத்த பிறகு என்னை வளர்த்தவனும் அவன்தான். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்கள். எனக்கு அந்த இடி விழத் தொடங்கியது போன மாரியில்.

சண்டைக்குக் காரணம் மணல். வாவியும் கடலும் சந்திக்கிற முகத்துவாரத்தைக் கோடையில் கடல் மணல் போட்டு அடைத்துவிடும். மாரி மழைக்கு வாவி பெருகும். போக வழியில்லாத தண்ணீர் வட்டைக்குள் ஏறும். உடனே வெட்டிவிடு என்பார்கள் வேளாண்மைக்காரர்கள். வெட்டினால் வாவியில் கொழுத்துக்கொண்டிருக்கிற இறாலெல்லாம் ஒரே நாளில் கடலுக்குப் போய்விடும். கொஞ்சம் பொறு என்பார்கள் தோணிக்காரர்கள். இரண்டும் நியாயம். அதுதான் கரைச்சலே.

இதற்கு ஊரில் ஒரு முறை இருந்தது. வட்டை ஆட்கள் வெற்றிலைத் தட்டோடு தோணிக்காரன் வீட்டுக்கு வரவேண்டும். வந்து கேட்கவேண்டும். தோணிக்காரர் ஏசுவார்கள், அதையும் வாங்கிக்கொள்ளவேண்டும். பிறகு நாள் சொல்வார்கள். அந்த நாளில் முதல் வெட்டு தோணிக்காரன் வீட்டு மண்வெட்டியால் விழும். அது விழுந்த பிறகுதான் மற்றவர்கள் கை வைக்கலாம். என் மாமனார் சாகும்வரை முதல் வெட்டை அவர் கொடுத்தார், பிறகு ரதீஸ். அந்த மண்வெட்டி எங்கள் குசினிக் கதவுக்குப் பின்னால் சாத்தியிருக்கும். மற்ற நாட்களில் நான் அதால்தான் மரவள்ளிக்குப் பாத்தி கட்டுவேன்.

அதற்கு முந்திய மாரியில் ரதீஸ் நேரத்தோடே முதல் வெட்டைக் கொடுத்தார். வட்டை விளைந்தது. தோணிக்காரர் வீடுகளில் அடுப்பு எரியவில்லை. ஒரு மரைக்கால் நெல்லோடு எட்டிப்பார்த்தவர் வட்டையில் ஒருவருமில்லை. என் அண்ணன் எனக்கு மூட்டையாகத் தந்தான், நான் தங்கச்சி என்பதால். மற்றவர்களுக்கு அப்படி ஓர் அண்ணன் இல்லையே.

ஆகவே போன மாரியில் அண்ணன் தட்டோடு வந்தபோது ரதீஸ் தலையை ஆட்டிவிட்டார்.

“இறால் பிடிச்சு முடியட்டும் மச்சான். மறுகா வெட்டுவம்.”

“அதுக்குள்ள வேளாண்ம அழுகிரும்.”

“போன மாரியில எங்கட வயிறு அழுகின. வந்து பாத்தியளா?”

அண்ணன் தட்டைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். வெற்றிலைத் தட்டு அப்படித் திரும்பிப் போனதை நான் முன்பு கண்டதில்லை.

அண்ணன் வேளாண்மைக்காரர்களின் கமக்காரர் சங்கத்துக்குத் தலைவன். முகத்துவாரத்துக்குப் பொறுப்பான அரசாங்கக் கந்தோருக்கு எத்தனையோ முறைப்பாடு எழுதியும் பதிலில்லை என்று சங்கம் மாகாண மேல் நீதிமன்றத்தில் மனுப் போட்டது. நீதிமன்றம், எங்கள் பேச்சில் கோடு, ஒரு கட்டளை கொடுத்தது. இவர்களின் முறைப்பாட்டைக் கவனத்தில் எடுத்து, ஒரு முடிவை எழுத்தில் அறிவியுங்கள் என்று கந்தோருக்குச் சொன்னது. அவ்வளவுதான். முகத்துவாரத்தை வெட்டு என்றும் சொல்லவில்லை, வெட்டாதே என்றும் சொல்லவில்லை. நான் அந்தத் தாளைத் திரும்பத் திரும்ப வாசித்தேன். காது கொடுத்துக் கேள் என்று சொல்வதற்கு ஒரு நீதிமன்றம் தேவைப்படுகிற நாடு இது என்று நினைத்துச் சிரிப்பும் வந்தது, ஆத்திரமும் வந்தது.

வட்டை ஆட்களுக்கு அது வெறும் வாயை மெல்லுகிறவனுக்குக் கிடைத்த அவல். கட்டளையின் பிரதியைச் சங்கத்து உரக் களஞ்சியச் சுவரில் ஒட்டி, சாமிப் படத்துக்குப் போடுவதுபோல அதற்கு ஒரு செவ்வந்தி மாலையும் போட்டார்கள். ரதீஸின் கூட்டாளி நிலோஜன் ஒரு பின்னேரம் போய் அதைக் கிழித்தான். கிழித்தவன் சும்மா வந்திருக்கலாம். மாலையைக் கழற்றித் தெருநாய் ஒன்றின் கழுத்தில் போட்டுவிட்டு வந்தான்.

விடிந்தபோது அந்த நாய் தோணித் துறையில் கிடந்தது. மாலை இல்லை. மாலை போட ஒரு கழுத்தும் இல்லை.

அன்றைக்கே அடிபாடு தொடங்கியது. தோணிக்காரர் வலையை உதறிக்கொண்டிருந்த நேரம் வட்டை ஆட்கள் பொல்லுகளோடு வந்தார்கள். தோணிகளைக் கோடரியால் பிளந்தார்கள். வலைகளைக் கத்தியால் கிழித்தார்கள். தடுக்கப் போன ரதீஸின் விலாவில் ஒருவன் பொல்லால் இடித்தான். விழுந்தவரை இன்னொருவன் முகத்தில் உதைத்தான். என் அண்ணன் கைகட்டிக்கொண்டு நின்றானாம். அடிக்கவில்லையாம். இதை எனக்கு ஒரு நல்ல செய்தி போல வந்து சொன்னார்கள்.

நான் அப்படியே அண்ணன் வீட்டுக்குப் போனேன். வாசலில் நிறைத்து வைத்திருந்த தண்ணீர்க் குடத்தைத் தூக்கிப் படியில் அடித்து உடைத்தேன். மச்சாள் யசோதினி வாயில் கை வைத்துக்கொண்டு நின்றாள். அண்ணன் உள்ளேயிருந்து வந்தான்.

“நான் அவனத் தொடல்ல கா,” என்றான்.

“நிண்டு பாத்தீங்கதானே.”

“கோடு சொன்ன வேலைக்கு இவங்க என்னத்துக்குக் குறுக்க வாறாங்க?”

“கோடு நாயக் கொல்லச் சொன்னதா? தோணியப் பிளக்கச் சொன்னதா?”

அவன் உடைந்த குடத்தைக் காலால் ஒதுக்கிவிட்டு உள்ளே போய்விட்டான்.

பொழுது படுகிற நேரம் தோணிக்காரர் பழி வாங்கினார்கள். அண்ணனின் லான்ட்மாஸ்டர் உழவு மெஷினில் மண்ணெண்ணெய் ஊற்றிக் கொளுத்தினார்கள். அணைக்க ஓடிவந்த அண்ணனின் நெற்றியில் நிலோஜன் தோணி ஊன்றுகிற கம்பால் ஓங்கிப் போட்டான். எலும்பு தெரியப் பிளந்தது என்றார்கள். ரதீஸும் அங்கே நின்றார். திரும்பி வந்தவரிடம் என்ன செய்தீர்கள் என்று கேட்டேன்.

“நான் கம்பத் தூக்கல்ல,” என்றார். பிறகு, “தடுக்கவும் இல்ல,” என்றார்.

மச்சாள் வீட்டுக் கிணற்றில் வெள்ளம் கலந்துவிட்டதால் அண்ணனின் சட்டையை அவள் என்னிடம்தான் துவைக்கக் கொண்டுவந்தாள். ரதீஸின் சட்டை ஏற்கனவே வாளியில் ஊறிக்கொண்டிருந்தது. இரண்டையும் ஒரே கல்லில் அடித்துத் துவைத்தேன். எந்தத் தண்ணீர் யாருடைய இரத்தம் என்று எனக்குத் தெரியவில்லை. இவர்களில் ஒருவன் மற்றவனைக் கொன்றுவிடுவான், அதற்கு முதல் யாராவது வந்து நிறுத்தவேண்டும் என்ற ஒன்று மட்டும் மனதில் ஓடிக்கொண்டிருந்தது. பொலிசில் இரண்டு பக்கமும் முறைப்பாடு கொடுத்திருந்தது. இரண்டையும் கவனிப்பதாகச் சொன்னார்கள்.

நான்தான் ரதீஸை மட்டக்களப்புக்கு இழுத்துக்கொண்டு போனேன். அடிபடுகிற ஆம்பிளைகள் கோட்டில் அடிபட்டால் உயிராவது மிஞ்சுமே என்று நினைத்தேன். சட்டத்தரணி ஸஹீதா ஏறாவூர்க்காரி. மெல்லிய குரல்; ஒவ்வொரு சொல்லுக்கும் மேசையில் பேனாவால் தட்டிக்கொண்டு பேசுவா. கட்டளையை வாசித்து முடித்துவிட்டு நிமிர்ந்தா.

“இது முகத்துவாரத்த வெட்டச் சொல்ற கட்டள இல்ல. முறைப்பாட்டப் பாக்கச் சொல்ற கட்டள. ஆனா வழக்குல உங்கள ஒரு கட்சியாச் சேக்கவே இல்ல. உங்கட தொழில் போற விசயத்துல உங்களக் கேக்காம முடிவெடுக்க ஏலா. அதத்தான் கொழும்புல, மேன்முறையீட்டு நீதிமன்றத்துல, சொல்லுவம்.”

“சொன்னா?” என்று கேட்டேன்.

“கட்டளய உடைக்கலாம். இல்லாட்டி உங்களயும் கேக்கணும் எண்டு திருத்தலாம்.”

ரதீஸ் வீங்கின உதட்டோடு பேசினார். “உடைக்கத் தேவல்ல மிஸ். மச்சான்ட முறைப்பாடும் பொய்யில்ல. எங்களயும் கேக்கட்டும். எனக்கு அது போதும்.”

மேன்முறையீட்டில் முதலாவது பெயராக ரதீஸின் பெயரைப் போட்டார்கள். அவர் கையெழுத்து வைத்தபோது எனக்குக் கொஞ்சம் நிம்மதி வந்தது. அந்த நிம்மதியை இப்போது நினைத்தால் என் தலையிலேயே அடித்துக்கொள்ளத் தோன்றுகிறது.

ஏனென்றால் அதுவரை முறைப்பாட்டைக் கவனிக்காமலிருந்த கந்தோருக்கு, கவனிக்காமலிருக்க இப்போது ஒரு நல்ல காரணமும் கிடைத்துவிட்டது. கொழும்பில் வழக்குக் கிடக்கிறது, தீர்ப்பு வரும்வரை நாங்கள் கை வைக்க ஏலாது என்று அண்ணனை வாசலிலேயே திருப்பிவிட்டார்கள். அவன் நெற்றித் தையலோடு வந்து எங்கள் வளவு வாசலில், கடப்படியில் நின்று ஊர் கேட்கக் கத்தினான்.

“என்ட முறைப்பாட்டையும் வெள்ளத்துல தாட்டுட்டான் உன்ட புருஷன்.”

ரதீஸ் எழும்பினார். நான் கதவைச் சாத்தி, முதுகைக் கொடுத்துக்கொண்டு நின்றேன். வெளியிலிருந்து ஒரு கல் வந்து கூரை ஓட்டை உடைத்து, சோற்றுப் பானைக்குப் பக்கத்தில் விழுந்தது. அது அண்ணன் எறிந்த கல் இல்லை என்று இன்றைக்கும் நம்புகிறேன். நம்பாவிட்டால் எனக்குத்தான் கஷ்டம்.

மார்கழி பிறந்ததும் கடலில் தாழமுக்கம் எழுந்து புயல்மழை வந்தது. மழை நின்று பெய்யாமல் சாய்ந்து பெய்தது. வட்டையில் நெல் குடலைப் பருவம். கதிர் தண்டுக்குள் உருவாகிற நேரம். பச்சை நுனி மட்டும் தண்ணீருக்கு மேலே தெரிந்தது. பிறகு அதுவும் அங்கொன்றும் இங்கொன்றுமாகத் தெரிந்தது. தலைக்கு மேல் வெள்ளம் போனால் சாண் என்ன முழம் என்ன என்று வட்டை ஆட்கள் சந்தியில் நின்று சொல்லத் தொடங்கினார்கள். அந்தப் பழமொழியை நல்ல மனதோடு யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

அப்படியான ஒரு காலையில்தான் அண்ணன் வந்தான். ரதீஸ் துறைக்குப் போயிருந்தார். அண்ணன் சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு, கடப்படிக்கு வெளியே, மழைக்குள்ளேயே நின்றான்.

“தங்கச்சி.”

நான் வாசலுக்கு வந்தேன்.

“உன்ட வயல்ல மேல் வரம்பு உடைஞ்சிட்டு கா. கட்டாட்டி உள்ளதும் போயிரும். என்ட மண்வெட்டியெல்லாம் கூலிக்காரன்மார்ட்ட நிக்கிது. குசினிக் கதவுக்குப் பின்னால நிக்கிறதத் தா.”

அவனுடைய வயல் எல்லாம் மூழ்கிக் கிடக்க, என் வரம்புக்காக நனைந்துகொண்டு நிற்கிறான் என்று எனக்கு நெஞ்சு இளகிவிட்டது. மண்வெட்டி கேட்டு வந்தவனை இல்லையென்று அனுப்புகிற வழக்கம் எங்கள் ஊரில் பகைவனுக்கும் கிடையாது. எடுத்து வந்து கொடுத்தேன். அவன் வாங்கி, அதன் இரும்பு இலையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டான். என் வயலை நினைத்துக் கும்பிடுகிறான் என்று நினைத்தேன்.

“சோறு திண்டுட்டுப் போங்க அண்ணன்.”

“வந்து திங்கிறன்,” என்று சொல்லிவிட்டுப் போனான்.

பகல் ரதீஸ் வந்து ஈரத்தைத் துடைத்துக்கொண்டிருந்தபோது ஸஹீதாவிடமிருந்து போன் வந்தது. இரண்டு பேருக்கும் கேட்கும்படி போனைப் பலகையில் வைத்தேன்.

“தீர்ப்பு வந்திட்டு கஜானி. பழைய கட்டள நிக்கும். முறைப்பாட்டக் கவனிக்கச் சொன்னதுல பிழையில்ல எண்டு சொல்லிட்டாங்க. ஆனா சும்மா கந்தோர்ல இரிந்து முடிவெடுக்க ஏலா. முகத்துவாரத்துக்கே வந்து ரெண்டு பக்கத்தையும் கேட்டுத்தான் எடுக்கணும். ரதீஸ்ட பேரச் சொல்லியே எழுதியிரிக்காங்க.”

“என்ட பேரையா மிஸ்?”

“ஓம். உங்கட பேரத்தான்.”

ரதீஸ் திரும்பச் சொல்லச் சொல்லிக் கேட்டார். பிறகு சிரித்தார். அவர் சிரித்து எத்தனையோ நாளாகியிருந்தது; உடைந்த பல்லின் இடைவெளியை அப்போதுதான் சரியாகப் பார்த்தேன்.

“கொழும்புல இரிக்கிற ஆளுக்கு விளங்கியிரிக்கு கா, எங்களயும் ஒரு சொல் கேக்கணும் எண்டு,” என்றார். போனை வைத்த பிறகும் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். “கந்தோர்க்காரன் வருமட்டும் பாத்திரிக்க ஏலா. காலையில வட்டைக்குப் போய்ப் பாத்தன். இன்னும் ரெண்டு நாள் கிடந்தா ஒண்டும் மிஞ்சாது. நாளைக்கு விடிய நானே முதல் வெட்டுக் குடுக்கன். அண்ணனுக்குச் சொல்லி அனுப்பு.”

“இறால்?”

“போனாப் போகட்டும். அடுத்த மாரிக்கும் இறால் வரும். உன்ட அண்ணன் இன்னொருத்தன் வரமாட்டான்.”

எனக்கு அழுகை வந்தது. முடிந்தது, எல்லாம் முடிந்தது, இனி ஒருவரும் சாகமாட்டார்கள் என்று நினைத்தேன். ரதீஸ் மண்வெட்டியைத் தீட்டி வைப்பதற்காகக் குசினிக்குப் போனார்.

“மண்வெட்டி எங்க?”

“அண்ணன் வாங்கிட்டுப் போனாரு. நம்மட வயல்ல வரம்பு கட்ட.”

அவர் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

“அங்க வரம்பே தெரியல்ல கஜானி. எல்லாம் ஒரே தண்ணி,” என்றார். மெதுவாகத்தான் சொன்னார். சொன்ன கையோடு ஓடினார். நானும் பின்னால் ஓடினேன்.

முகத்துவாரத்தில் வட்டை முழுவதும் நின்றது. மணலில் தேங்காய் உடைத்திருந்தது. கற்பூரம் மழையில் கரைந்துகொண்டிருந்தது. வெற்றிலைத் தட்டுக்கூட வைத்திருந்தார்கள். மணல்மேட்டின் குறுக்கே கடல் பக்கமிருந்து இடுப்பளவு ஆழத்துக்கு வாய்க்கால் வெட்டி முடிந்து, வாவிப் பக்கம் ஒரு கட்டில் அகலத்துக்கு மணல் மட்டும் மிஞ்சியிருந்தது. அதையும் வெட்டினால் தண்ணீர் பாயும்.

முதல் வெட்டை அண்ணன் எங்கள் வீட்டு மண்வெட்டியால் போட்டிருந்தான். தோணிக்காரன் வீட்டு இரும்பு விழுந்தால் தோணிக்காரனே வெட்டியது போலத்தானே என்பது அவன் போட்ட கணக்கு. அதை மற்றவர்களும் நம்பினார்கள். முறை தவறினால் கடல் பழி வாங்கும் என்று பயப்படுகிற ஆட்கள், முறையைத் திருடினால் ஒன்றும் ஆகாது என்று நினைத்துவிட்டார்கள்.

நிலோஜனின் ஆட்களும் கம்புகளோடு வந்து சேர்ந்தார்கள். அதன் பிறகு நான் பார்த்ததை மனிதர்கள் செய்தார்கள் என்று சொல்ல எனக்கு வெட்கமாக இருக்கிறது. கம்பு ஒருவனின் தாடையில் விழுந்து பல்லெல்லாம் இரத்தத்தோடு மணலில் கொட்டியது. மண்வெட்டியின் பின்புறத்தால் ஒருவனின் முழங்காலை உடைத்தார்கள். அவன் எழும்ப முயன்று முயன்று விழுந்தான். ஒருவன் மற்றவனின் வாயில் மணலை அள்ளித் திணித்துக்கொண்டிருந்தான். எல்லாரும் எனக்குத் தெரிந்தவர்கள். என் கலியாணத்தில் ஒரே பந்தியில் இருந்து தின்றவர்கள்.

ரதீஸ் நேரே வாய்க்காலுக்குள் குதித்து, மிஞ்சியிருந்த மணலுக்கு முன்னால் கால்களை அகட்டி ஊன்றிக்கொண்டு நின்றார். எதிரே அண்ணன், கையில் எங்கள் மண்வெட்டி.

“என்ட வீட்டு இரும்பாலயா மச்சான்?”

“முறப்படிதான் வெட்டினன். தள்ளு.”

“உன்ட தங்கச்சிய ஏமாத்தி வாங்கிட்டு வந்தது முறையா?”

ரதீஸ் மண்வெட்டியின் பிடியை எட்டிப் பிடித்தார். இரண்டு பேரும் அதை இழுத்தார்கள். அவர்களின் கால்கள் உழக்க உழக்கப் பின்னாலிருந்த மணல் கரைந்துகொண்டிருந்தது. நான் வாய்க்கால் கரையில் விழுந்து கத்தினேன். அண்ண, அவரு நாளைக்கு வெட்டித் தாறன் எண்டவரு, தீர்ப்பு வந்திட்டு, விடு அண்ண என்று தொண்டை கிழியக் கத்தினேன். கடல் இரைச்சலில் சொல்லொன்றும் போய்ச் சேரவில்லை. என் குரல் மட்டும் ரதீஸுக்குக் கேட்டிருக்க வேண்டும். பிடியை விட்டுவிட்டு என்னைப் பார்க்கத் திரும்பினார்.

அண்ணன் ஓங்கினான். இலையின் புறத்தால் அடித்திருக்கலாம். அடிக்கவில்லை. கழுத்துக்கும் தோளுக்கும் நடுவில், வெட்டு வாயால் இறக்கினான். வாழைக்குற்றியில் கத்தி விழுகிற சத்தம் கேட்டது. ரதீஸ் கையைத் தூக்கி அந்த இடத்தைத் தொட்டுப் பார்த்தார். பிறகு முழங்காலில் விழுந்தார்.

அதோடு மணல் விட்டுக்கொடுத்தது. வாவி முழுவதும் அந்த வாய்க்காலுக்குள் பாய்ந்தது. இடுப்பளவு வாய்க்கால் கண் முன்னால் ஆறானது. கரை துண்டு துண்டாக இடிந்து விழுந்தது. இரண்டு பேரையும் தண்ணீர் அடித்துக்கொண்டு போனது. அண்ணன் மண்வெட்டியைப் போட்டுவிட்டு ரதீஸைப் பிடிக்கப் பாய்ந்ததை நான் கண்டேன். அதைக் காணவில்லை என்று சொல்லமாட்டேன். கயிறு எறிந்து, கம்பு நீட்டி, வட்டை ஆட்களும் தோணிக்காரரும் சேர்ந்து ஒருவனை இழுத்தெடுத்தார்கள். அண்ணனைத்தான். அவன் கையில் ரதீஸ் உடுத்திருந்த சாரம் இருந்தது. சாரம் மட்டும்.

நான் அவன்மேல் விழுந்தேன். நெற்றித் தையலை நகத்தால் பிய்த்தேன். கையில் கிடைத்த தேங்காய்ப் பாதியால் முகத்தில் குத்தினேன். அவன் தடுக்கவில்லை. சாரத்தை மார்போடு பிடித்துக்கொண்டு மணலில் கிடந்தான். எங்களைச் சுற்றி நுரைக்குள் இறால் துள்ளித் துள்ளிக் கடலுக்குப் போய்க்கொண்டிருந்தது.

ரதீஸின் உடம்பு கதிரவெளிப் பக்கம் கரையொதுங்கியது. மண்வெட்டி மணல் திட்டில் அகப்பட்டு, பொலிஸ் அதைச் சீல் வைத்துக் கொண்டுபோனது. அண்ணனைப் பிடித்து விளக்கமறியலில் போட்டார்கள்.

ரதீஸின் முப்பத்தோராம் நாள் காரியம் கழியுமுன்னமே கந்தோர்க்காரர் வந்தார்கள். மேன்முறையீட்டு நீதிமன்றம் சொன்னபடி, அந்த இடத்திலேயே, இரண்டு பக்கத்தையும் கேட்க. முகத்துவாரத்துக் கரையில் பிளாஸ்டிக் கதிரை போட்டு, மேசைத் தாள் பறக்காமல் கல் வைத்து, கிளார்க் பெயர் வாசித்தார்.

“முதலாம் மேன்முறையீட்டாளர், ரதீஸ்.”

ஒருவரும் அசையவில்லை. நான் எழும்பினேன். “நான் பொஞ்சாதி.”

“கமக்காரர் தரப்பு, வினாயகமூர்த்தி.”

நான் இன்னும் உட்காரவில்லை. “தங்கச்சி,” என்றேன்.

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். கெட்ட மனுஷன் இல்லை; நடந்தது அவருக்குத் தெரியும். ஆனாலும் கையிலிருந்த தாளில் கேள்வி இருந்தது.

“முகத்துவாரத்த வெட்டுறதப் பத்தி உங்கட ரெண்டு பக்கமும் என்னம்மா சொல்றீங்க?”

அவருக்குப் பின்னால் முகத்துவாரம் ஒரு ஊரே போகிற அகலத்துக்கு வாய் பிளந்து இரைந்துகொண்டிருந்தது. கையைக் காட்டினேன்.

“வெட்டியாச்சு சேர். எழுதிக்கொள்ளுங்க.”

எழுதினார். வேறு ஏதும் சொல்ல இருக்கிறதா என்று கேட்டார். என்னிடம் ஒரு வசனம் இருந்தது. அது கந்தோருக்குச் சேரவேண்டியது இல்லை. இல்லையென்று தலையாட்டிவிட்டு வந்துவிட்டேன்.

அண்ணனின் வழக்கின் அடுத்த தவணைக்கு வாழைச்சேனை நீதிமன்றத்துக்குப் போனேன். மறியல்காரரைக் கொண்டுவருகிற பஸ் வேலியோரம் நின்றது. மச்சாள் சோற்றுப் பார்சலோடு நின்றாள். பஸ்ஸின் கம்பிவலைக்குப் பின்னால் அண்ணன் தாடியும் பிளந்த நெற்றியுமாக இருந்தான். என்னைக் கண்டதும் எழும்பி வந்து வலையைப் பிடித்தான்.

“தங்கச்சி, உன்ட வயல்?”

“தண்ணி வத்திட்டு. கதிர் வெளியில வந்திரிக்கு.”

அவன் கண்ணை மூடினான். முகத்தில் ஒரு நிம்மதி வந்தது. அதைக் கண்டதும் எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

“நான் செய்தது பாவம் கா,” என்றான். “ஆனா முற தவறல்ல. உங்கட வீட்டு மண்வெட்டியாலதான் முதல் வெட்டு. அவன் கொஞ்சம் பொறுத்திரிக்கலாம்.”

நான் வலைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோனேன்.

“அண்டைக்குப் பகல் கொழும்புத் தீர்ப்பு வந்த. அவரையும் கேக்கச் சொல்லி. அதக் கேட்டதும், நாளைக்கு விடிய நானே முதல் வெட்டுக் குடுக்கன், அண்ணனுக்குச் சொல்லி அனுப்பு எண்டாரு. இறால் வரும், உன்ட அண்ணன் இன்னொருத்தன் வரமாட்டான் எண்டாரு. மறுகா மண்வெட்டியத் தீட்டி வைக்க எழும்பிப் போனாரு. கதவுக்குப் பின்னால அது இல்ல.”

அண்ணன் என்னையே பார்த்தான். பொய் சொல்கிறேனா என்று என் முகத்தில் தேடினான். நான் அவன் வளர்த்த பிள்ளை. நான் பொய் சொன்னால் அவனுக்குத் தெரியும். பிறகு நெற்றியைக் கம்பிவலையில் மோதத் தொடங்கினான். சத்தமில்லாமல், அவசரப்படாமல், திரும்பத் திரும்ப மோதினான். ஆறத் தொடங்கியிருந்த காயம் பிளந்து இரத்தம் மூக்கு வழியாக இறங்கியது. மச்சாள் பார்சலைப் போட்டுவிட்டு அலறினாள். காவலர் பூட்டைத் திறக்கத் திறப்பைத் தேடினார்கள்.

வலைக்குள்ளால் விரலை விட்டால் அவன் நெற்றியைத் தாங்கியிருக்கலாம். அவ்வளவு கிட்டத்தான் நின்றேன். நான் தடுக்கவில்லை.